பிலா மரம் ஏன் வாடுது, ஏன் காய்க்கேல்லை: வன்னிக் காணிகளுக்கான பிழை நீக்கும் வழிமுறை

வன்னியில் பிலா மரத்துக்கு வரும் தொல்லைகளில் பெரும்பங்கு இரண்டு இடத்திலிருந்து வருகிறது. ஒன்று, ஐப்பசி தொடக்கம் தை வரை மரத்தடியில் தேங்கும் தண்ணீர். மற்றது, வைகாசி தொடக்கம் புரட்டாதி வரை வராத தண்ணீர். பூச்சியும் பங்கசும் அனேகமாக இந்த இரண்டில் ஒன்றால் சோர்ந்துபோன மரத்தைத் தேடித்தான் வரும். ஆகவே இரண்டு இலையைப் பிடுங்கிக்கொண்டு மருந்துக்கடைக்கு ஓடமுன் அலவாங்கை எடுத்துக்கொண்டு மரத்தடிக்குப் போங்கள்.

கீழே உள்ள தலைப்புகள் வளவுக்காரர் முறையிடும் வாக்கிலேயே இருக்கின்றன. உங்கள் மரத்துக்குப் பொருந்துவதை மட்டும் பார்த்தால் போதும். ஆனால் எந்த முறைப்பாடாக இருந்தாலும் மண் சோதனைதான் முதல் வேலை.

மண்ணையும் வேரையும் பார்க்கும் விதம்

கொப்புகளின் நிழல் எதுவரை விழுகிறதோ அந்த விளிம்பில், ஒன்றரை அடி ஆழத்துக்கு ஒரு சிறு குழி தோண்டுங்கள். அடியிலிருந்து ஒரு பிடி மண்ணை எடுத்துக் கையால் இறுக்குங்கள். விரலிடுக்கால் தண்ணீர் கசிந்தால் ஈரம் அதிகம். உருண்டையாகப் பிடிபட்டு, தட்டினால் உடைந்தால் சரியான பதம். பிடிபடாமல் உதிர்ந்தால் மரம் தண்ணீருக்குத் தவிக்கிறது.

அந்தக் குழியில் பென்சில் பருமனான ஒரு வேர் கட்டாயம் அகப்படும். நகத்தால் சுரண்டுங்கள். நல்ல வேரின் உள்பக்கம் வெளிர் மஞ்சளாக இருக்கும், வெட்டினால் பால் கசியும். அழுகின வேரை இரண்டு விரலால் பிடித்து இழுத்தால் வெந்த மரவள்ளியின் தோல் போலப் பட்டை கழன்று கையோடு வரும். உள்ளே கபில நிற நார் மட்டும் மிஞ்சும், நாற்றமும் அடிக்கும். இந்த ஒரு வேர் சொல்வதை எந்த இலையும் சொல்லாது.

புதிதாகக் கன்று வைக்கப்போகும் இடமாக இருந்தால் இரண்டடி ஆழக் குழியில் தண்ணீரை நிரப்பி வற்றவிட்டு, திரும்பவும் நிரப்புங்கள். அடுத்த நாளும் தண்ணீர் நின்றால் அந்த இடம் பிலாவுக்கு ஆகாது, அல்லது மேடு கட்டித்தான் வைக்க வேண்டும். கண்ணிவெடி அகற்றி முடிந்த காணி என்று உறுதி இல்லாத மூலைகளில் எந்தக் குழியும் தோண்ட வேண்டாம்.

“கொட்டை போட்டன், முளைக்கேல்லை”

காயவைத்த கொட்டை. வேறு காரணம் அரிது. பிலாக்கொட்டை நெல்லைப் போலக் காயவைத்துச் சேமிக்கும் விதை அல்ல. ஈரம் போனால் உயிரும் போய்விடும். பழம் தின்ற அன்றே வழுவழுப்புத் தோலைக் கழுவி, ஓர் இரவு தண்ணீரில் ஊறவிட்டு, ஓரிரண்டு நாளுக்குள் ஊன்றிவிடுங்கள். ஓர் அங்குல ஆழம் போதும், படுக்கையாக வைக்கலாம். மூன்று கிழமைக்கு முளைக்காவிட்டாலும் கிண்டிப் பார்க்க வேண்டாம். சில கொட்டை எட்டுக் கிழமை வரை எடுக்கும்.

முளைத்தது நட்ட பிறகு செத்தால் ஆணிவேரைப் பாருங்கள். பிலாவின் ஆணிவேர் வேகமாக இறங்கும், அறுந்தால் இலேசில் தேறாது. சின்னப் பையில் ஒரு வருடம் நின்ற கன்றின் வேர் பையின் அடியைத் துளைத்து நிலத்துக்குள் போயிருக்கும், தூக்கும்போதே அறுந்துவிடும். நீளமான பையில் போட்டு, நாலைந்து இலை விட்டதும் நடுங்கள். நிலத்திலேயே மூன்று கொட்டை ஊன்றி, தேறினதை விட்டு மற்ற இரண்டையும் வெட்டிவிடுவது இன்னும் நல்லது.

ஒட்டுக் கன்று வாங்கினவர்களுக்கு ஒரு சொல்: ஒட்டுக்குக் கீழே வரும் தளிர் எல்லாம் அடிமரக் கன்றினுடையது. கண்டவுடன் கையால் கிள்ளிவிடுங்கள். விட்டால் ஒட்டு செத்து, அடிக்கன்று வளர்ந்து, கொட்டைமரத்துக்குக் காத்திருக்கும் காலம் முழுக்கக் காத்திருக்க வேண்டிவரும்.

“வெயிலுக்குக் கன்று வாடுது”

மண் உதிர்ந்தால் விடை நேரானது, தண்ணீர் போதவில்லை. ஆனால் எவ்வளவு, எங்கே, எப்படி என்பதில்தான் பிழை நடக்கிறது. பின்னேரத்தில் ஒரு போத்தல் தண்ணீரைத் தண்டடியில் ஊற்றிவிட்டுப் போவதால் மேல் இரண்டு அங்குலம் நனையும், வேர் மேலேயே சுத்தும், அடுத்த சோளகக் காற்றோடு கன்று சரியும். முதல் வருடக் கன்றுக்குக் கிழமைக்கு இரண்டு தரம், ஒவ்வொரு தரமும் 10 முதல் 15 லீற்றர், மெதுவாக விடுங்கள். தண்டிலிருந்து ஓரடி தள்ளி வட்டமாக வாய்க்கால் வெட்டி அதற்குள் விட்டால் வேர் வெளியே தேடிப் போகும்.

கிணறு தூரமென்றால் மண்குடம் புதைக்கலாம். அடியில் சிறு துளையிட்டு, துணித்திரி செருகி, கன்றிலிருந்து ஒன்றரை அடி தள்ளி, வாய் மட்டும் வெளியே தெரியப் புதையுங்கள். வாயை ஓட்டுத்துண்டால் மூடாவிட்டால் நுளம்பு பெருகும்.

நடும்போதே கிடங்கின் அடியில் பொச்சுமட்டையை, உட்பக்கம் மேலே பார்க்க, இரண்டு வரிசை அடுக்குவது ஈரம் காக்கும். இது மேட்டுநில மணலுக்கும் கிறவலுக்கும் மட்டும். களிநிலத்தில் அதே மட்டை மாரியில் தண்ணீரைப் பிடித்து வைத்துக் கன்றைக் கொல்லும்.

மேலே மூடுபடை மூன்று நாலு அங்குலம் போடுங்கள், தண்டிலிருந்து ஒரு சாண் விட்டு. காய்ந்த வைக்கோல் போட்டால் இந்தப் பக்கத்தில் கறையான் விருந்துக்கு வரும். கன்று திடீரென்று வாடி, இழுத்தால் வேரில்லாமல் கையோடு வந்தால் அது கறையான் வேலைதான். கிளிசறியாப் பச்சை இலை போட்டால் தொல்லை குறையும். அது மண்ணுக்கும் பசளை. மேற்குப் பக்கம் ஒரு கிடுகு நட்டு விட்டால் முதல் கோடையைக் கன்று தாண்டிவிடும்.

“மழை விட்டாப் பிறகு மரம் வாடுது”

அதிக மரங்கள் சாவது இதனால்தான். ஆனால் காரணம் கடைசி வரை பிடிபடுவதில்லை. பிலா வேர் தண்ணீருக்குள் மூச்சுவிடாது. இரண்டு மூன்று நாள் தேங்கினாலே நுனிவேர் சாகத் தொடங்கும். கார்த்திகை, மார்கழியில் வேர் அழுகும். ஆனால் வானம் மூடிக் குளிர்ந்திருப்பதால் இலை வாடாது. மாசி, பங்குனியில் வெயில் ஏறும்போது இருக்கிற வேரால் இலைகளுக்குத் தண்ணீர் கொடுக்க முடியாமல் போகும். அப்போதுதான் இலை தொங்கும், மஞ்சளாகும், உதிரும். வளவுக்காரர் “வெயிலுக்கு வாடுது” என்று பம்பைப் போட்டு இன்னும் தண்ணீர் விடுவார். மிச்ச வேரும் போய்விடும்.

மண்ணை இறுக்கிப் பார்த்து, வேரை இழுத்துப் பார்த்து, அழுகல் உறுதியானால் இப்படிச் செய்யுங்கள்:

1. தண்ணீர் விடுவதை நிறுத்துங்கள். பசளையும் போட வேண்டாம். அழுகின வேருக்கு யூரியா எரிச்சல்.
2. மரத்தைச் சுற்றி, கொப்பு விளிம்புக்கு வெளியே, ஒன்றரை அடி ஆழ வாய்க்கால் வெட்டி, காணியின் தாழ்ந்த பக்கத்துக்கு இழுத்துவிடுங்கள். வெளியேற வழியில்லாத வட்டக் கான் இன்னொரு குளம்.
3. அடிமரத்தில் மண் அணைத்திருந்தால் கழுத்து தெரியும்வரை விலக்குங்கள். வேர் பிரியும் இடம் காற்றுப்பட வேண்டும்.
4. அந்த வருடப் பிஞ்சு முழுவதையும் இறக்குங்கள். மனம் வராது, ஆனாலும் இறக்குங்கள்.
5. உள்கொப்புகளையும் நோஞ்சான் கொப்புகளையும் கழித்து இலைப்பாரத்தில் மூன்றில் ஒரு பங்கைக் குறையுங்கள்.
6. அடிமரத்தில் கறுத்த, பால் வடியும் பட்டை இருந்தால் நல்ல பட்டை தெரியும்வரை கூரிய கத்தியால் சீவி, போடோப் பசை (செய்முறை கீழே) பூசுங்கள்.

இலை பாதிக்கு மேல் நின்றால் அடுத்த சித்திரை மழையோடு புதுத் தளிர் வரும். முழுவதும் உதிர்ந்து, கொப்பு நுனியிலிருந்து காய்ந்துகொண்டு வந்தால் மரம் போனதுதான். அதன்மேல் காசு செலவழிக்க வேண்டாம்.

இனி, ஏன் அந்த இடத்தில் தேங்கியது என்று பாருங்கள். எல்லோரும் சொல்லும் “மூன்றடிக்கு மூன்றடிக்கு மூன்றடி” கிடங்கு சிவப்பு மேட்டுமண்ணுக்கு அருமை. வயற்கரைக் களியிலோ, இரண்டடிக்குக் கீழே இறுகின கிறவல் படை உள்ள காணியிலோ அதே கிடங்கு ஒரு தொட்டி. சுற்றியுள்ள இறுகின மண்ணில் ஊறாத மழைத்தண்ணீர் முழுக்கக் கூட்டெரு போட்டு இளக்கின கிடங்குக்குள் வந்து நிற்கும். அப்படியான காணியில் கிடங்கை ஓரடிக்கு மேல் தோண்டாமல், அதற்கு மேலே இரண்டடி உயரம், ஆறடி அகலத்தில் மேடு கட்டி வையுங்கள். குளக்கட்டுக்குக் கீழேயும் வாய்க்கால் கசியும் இடத்திலும் மேடும் காப்பாற்றாது. அங்கே வாழையும் தென்னையும் வைத்துவிட்டு பிலாவை மேட்டுக்குக் கொண்டுபோங்கள்.

போடோக் கலவையும் பசையும்

மேலும் கீழும் பல இடத்தில் இது வருவதால் ஒரே தரமாகச் சொல்லிவிடலாம். தெளிப்பதற்கு: மயில்துத்தம் 100 கிராம், சுண்ணாம்பு 100 கிராம், தண்ணீர் 10 லீற்றர். துத்தத்தை 5 லீற்றரில் முதல்நாள் இரவே கரையவிடுங்கள். சுண்ணாம்பை மற்ற 5 லீற்றரில் கரைத்து வடியுங்கள். பிறகு துத்தக் கரைசலைச் சுண்ணாம்புத் தண்ணீருக்குள் கலக்கிக் கலக்கி ஊற்றுங்கள். பிளாஸ்டிக் வாளி அல்லது மண்பானை மட்டும். தகர வாளியைத் துத்தம் அரிக்கும். மினுக்கின இரும்பு ஆணி ஒன்றை ஒரு நிமிடம் தோய்த்து எடுங்கள். செம்பு நிறம் படிந்தால் சுண்ணாம்பு போதாது, இன்னும் கொஞ்சம் சேருங்கள். கலந்த அன்றே தெளிக்க வேண்டும், அடுத்த நாளைக்கு வைத்தால் பலனில்லை. பூசும் பசைக்கு அதே 100க்கு 100 கிராம், தண்ணீர் மட்டும் ஒரு லீற்றர்.

“இலை ஓரம் கருகுது”

அடியிலை இரண்டொன்று செம்மஞ்சளாகி விழுவது நோயல்ல, ஆட்டுக்குச் சாப்பாடு. நுனியிலிருந்து ஓரம் வழியாகக் கபிலமாகக் கருகிக்கொண்டு வந்தால் கிணற்றுத் தண்ணீரை வாயில் விட்டுப் பாருங்கள். முல்லைத்தீவு, மன்னார்க் கரையோரக் கிணறுகள் ஆடி, ஆவணியில் உவர்க்கும். உவர்த் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக அடிக்கடி விட்டால் உப்பு மேல்மண்ணில் சேரும். விடுவதானால் இடைவெளி கூட்டி, நிறைய விடுங்கள், மூடுபடையைத் தடிப்பாக்குங்கள். மாரியில் வாய்க்காலைத் திறந்து மழை கழுவ விடுங்கள்.

இளம் இலை வெளிறி, நரம்பு மட்டும் பச்சையாக நின்றால் சிப்பி, சுண்ணாம்பு கலந்த மண்ணில் இரும்புச்சத்து எடுபடவில்லை என்று பொருள். மாட்டெருவும் இலைமக்கும் கூட்டிப் போடுங்கள், சாம்பலைக் குறையுங்கள்.

இலையில் கரி பூசினதுபோல இருந்தால் கரியைப் பார்க்க வேண்டாம். கீழ்ப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். வெள்ளைப் பஞ்சுப் பூச்சியோ செதிற்பூச்சியோ இருக்கும், எறும்பும் ஓடும். 10 லீற்றர் தண்ணீருக்கு வேப்பெண்ணெய் 40 மில்லிலீற்றர், திரவச் சவர்க்காரம் 10 மில்லிலீற்றர் கலந்து, வெயில் தாழ்ந்த பிறகு இலையின் கீழ்ப்பக்கம் நனையத் தெளியுங்கள். 10 நாள் விட்டு இன்னொரு தரம். அடிமரத்தில் கிறீஸ் பூசின துணிப்பட்டி கட்டி எறும்பை மறிக்காவிட்டால் பூச்சி திரும்பும்.

“எத்தினை வருசம், இன்னும் காய்க்கேல்லை”

முதலில் வயது. ஒட்டுமரம் மூன்று நாலு வருடத்தில் காய்க்கத் தொடங்கும். கொட்டைமரத்துக்கு ஏழு எட்டு வருடம் சாதாரணம், பத்தைத் தாண்டுவதும் உண்டு. வயது வந்தும் இல்லையென்றால் இந்த ஒழுங்கில் பாருங்கள்.

வெயில் படுகிறதா? வேம்புக்கும் முதிரைக்கும் கீழே நிற்கும் பிலா உயரும், காய்க்காது. யூரியாவோ கோழி எருவோ வருடம் முழுக்கக் கொட்டுகிறீர்களா? இலை கரும்பச்சையாக, தளிர் ஓயாமல் வந்தால் நிறுத்துங்கள். மாட்டெருவும் சாம்பலும் போதும்.

ஆட்டுக்குக் குழை வெட்டுகிறீர்களா? வன்னி வளவுகளில் இதுதான் அடிக்கடி காணும் காரணம். கீழே விழும் இலையைக் குத்தூசியால் குத்திச் சேர்த்தால் மரத்துக்கு ஒரு நட்டமும் இல்லை. கோடையில் கொக்கத்தடியால் கொப்போடு இழுத்து முறித்தால் அந்த வருடத்துச் சேமிப்பு ஆட்டின் வயிற்றுக்குள் போய்விடும்.

அடிமரத்தைத் “துப்புரவு” செய்கிறீர்களா? பிலா தன் பெண்பூவை அடிமரத்திலும் பெரிய கொப்பிலும் வரும் குறுந்தளிர்களில்தான் வைக்கும். அழகுக்காக அதையெல்லாம் சீவிவிட்டால் காய்க்க இடமில்லை. அறுவடை முடிந்த பிறகு காய்ந்த பழைய காம்புகளை மட்டும், பட்டையில் காயம் படாமல், அடியோடு வெட்டிவிடுங்கள். பக்கத்தில் புதுக்குருத்து வரும்.

ஆணி அடிப்பது, கோடரியால் கொத்துவது எல்லாம் ஊரெங்கும் சொல்லும் வைத்தியம். பட்டையைக் கொத்தினால் இலையில் ஆக்கின மாச்சத்து வேருக்கு இறங்காமல் மேலேயே நிற்கும். சில மரம் அதனால் பூப்பதும் உண்மைதான். ஆனால் அந்தக் காயத்துக்குள் தண்டுதுளைப்பான் முட்டையிட்டால் பத்து வருட மரம் இரண்டு வருடத்தில் போய்விடும். எங்கள் கோடையே மரத்துக்குத் தேவையான அளவு நெருக்கடி கொடுக்கிறது, கோடரி மேலதிகம்.

“பிஞ்சு எல்லாம் கறுத்து விழுது”

விழுந்ததை எடுத்துப் பாருங்கள், ஏனென்றால் பாதிப்பேர் ஆண்பூவைப் பார்த்துத்தான் பயப்படுகிறார்கள். ஆண்கதிர் விரலளவு, மேற்பரப்பு ஒப்பரவு, மெல்லிய காம்பு, இலையுள்ள கொப்பு நுனியில் இருக்கும். மகரந்தம் விட்ட பிறகு கறுத்து, பூசணம் பிடித்து விழுவதுதான் அதன் வேலை. பெண்பூ தடித்த காம்பில், காம்பு சேரும் இடத்தில் பச்சை வளையத்தோடு, அடிமரத்தில் இருக்கும், மேற்பரப்பு சொரசொரப்பு. புதிதாகப் பூக்கும் மரம் முதல் ஓரிரண்டு வருடம் ஆண்கதிர் மட்டுமே விடுவது வழமை.

விழுந்தது உண்மையான மூசு, அதாவது பெண்பூவின் பிஞ்சு, என்றால் காம்புப் பக்கத்தைப் பாருங்கள். ஈரமான கபிலப் புள்ளியாகத் தொடங்கி, மெதுவாகி, வெள்ளை நூல் படர்ந்து, பிறகு கறுப்புத் தூள் பூத்தால் அது றைசோப்பசு என்ற பங்கசு. மார்கழி, தையில் பூத்த மரத்தில் மழை விடாமல் பெய்தால் இது வரும். விழுந்ததை மரத்தடியில் விட வேண்டாம். அந்தக் கறுப்புத் தூள்தான் அடுத்த பிஞ்சுக்கு விதை. ஆண்கதிர், பிஞ்சு எல்லாவற்றையும் கூட்டி ஒன்றரை அடியில் தாழுங்கள். ஒரே காம்பில் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டிருப்பதில் நல்லதை விட்டு மற்றதை வெட்டுங்கள், கறிக்கு ஆகும். உள்கொப்பைக் கழித்துக் காற்றுப்பட விடுங்கள். மழை ஓய்ந்த ஒரு காலையில் போடோக் கலவை, மூன்று கிழமையில் இன்னொரு தரம்.

கோடையில், பூசணம் இல்லாமல் பிஞ்சு சுருங்கி விழுந்தால் தண்ணீர்ப் பஞ்சம்.

“காயில ஓட்டை, பீச்சல் வடியுது”

காய்துளைப்பான் புழு. செங்கபில உடம்பில் கரும்புள்ளி உள்ள சிறு புழு. இரண்டு காய் ஒட்டின இடத்திலும், காயும் மரமும் உரசும் இடத்திலும்தான் முதலில் நுழையும். தளிர் நுனியும் அதே புழுவால் வாடித் தொங்கும். அந்த நுனியை வெட்டி எரியுங்கள். காய் தேங்காயளவு வருமுன் பையால் மூடிவிடுவது மருந்தைவிட நிச்சயம். பழைய உரப்பையின் அடியைத் திறந்து, மேல்வாயைக் காம்போடு கட்டுங்கள். தென்னோலையால் பின்னின கூடும் நல்லது. பொலித்தீன் வேண்டாம், உள்ளே வேர்த்துக் காய் அழுகும்.

“அடிமரத்தில மரத்தூள் கொட்டுது”

இதைத் தள்ளிப்போடக் கூடாது. தண்டுதுளைப்பான் வண்டு இரண்டு அங்குல நீளம், சாம்பல் கபில நிறம், உடம்பைவிட நீண்ட மீசை, கழுத்துப் பலகையில் இரண்டு செம்மஞ்சள் பொட்டு. வெட்டுக்காயத்திலும் வெடித்த பட்டையிலும் முட்டையிடும். புழு வெண்ணெய் நிறம், வளர்ந்தால் சின்னவிரல் தடிப்பு. மாதக்கணக்கில் உள்ளேயிருந்து மரத்தைக் குடையும்.

ஒரு மரத்தில் நாலைந்து ஓட்டை இருக்கும், எல்லாவற்றிலும் புழு இருக்காது. எல்லாத் தூளையும் துடைப்பத்தால் கூட்டித் துப்புரவாக்கிவிட்டு அடுத்த நாள் காலை வாருங்கள். எந்த ஓட்டையின் கீழே ஈரமான புதுத்தூள் கிடக்கிறதோ அதற்குள்தான் ஆள் இருக்கிறார். அந்த வாயைக் கத்தியால் கொஞ்சம் பெருப்பித்து, நுனியைச் சிறு கொக்கியாக வளைத்த சைக்கிள் கம்பியை விடுங்கள். நேராகப் போகாது, திருப்பித் திருப்பித் தள்ள வேண்டும். மென்மையான ஒன்றில் முட்டி, இழுக்கும்போது கம்பியில் வெள்ளைக் கூழ் ஒட்டினால் வேலை முடிந்தது. ஒட்டாவிட்டால் ஊசியில்லாத சிறிஞ்சால் மண்ணெண்ணெய் 5 முதல் 10 மில்லிலீற்றர் உள்ளே விட்டு, நனைந்த பஞ்சை அடைத்து, புற்றுமண்ணும் சாணியும் குழைத்துப் பூசுங்கள். மூன்று நாலு நாளில் வேறிடத்தில் புதுத்தூள் வந்தால் திரும்பவும். அடிமரத்தைச் சுற்றி மண்ணெண்ணெய் ஊற்ற வேண்டாம், பட்டை செத்துவிடும்.

தூள் நூலோடு சேர்ந்து பட்டையில் நாடாபோல ஒட்டிக்கொண்டிருந்தால் அது பட்டை தின்னும் புழு. கொப்புக் கவட்டில் ஆழமில்லாத பொந்துக்குள் பகலில் படுத்திருக்கும். நாடாவைச் சுரண்டி எறிந்து, பொந்துக்குள் மேற்சொன்ன வைத்தியம்.

கொப்பு வெட்டினால் அன்றே போடோப் பசை பூசுங்கள். இந்த வண்டுக்கு அதைவிட நல்ல காவல் இல்லை.

“காய் கோணலா வருது, சுளையில்லை”

ஒவ்வொரு சுளையும் மகரந்தம் கிடைத்த ஒரு பூ. கிடைக்காத பூக்கள் நாராகவே நிற்கும். காய் ஒரு பக்கம் பள்ளமாக வளைந்தால் அந்தப் பக்கத்துப் பூக்களுக்கு மகரந்தம் சேரவில்லை, அல்லது உள்ளே புழு. தனிமரத்தில் ஆணும் பெண்ணும் ஒரே நேரத்தில் பழுக்காமல் போவதால் இது நடக்கும். பெண்பூ முழுவதும் மெல்லிய நூல் நீட்டிச் சொரசொரத்திருக்கும் நாட்களில், மஞ்சள் தூள் விடும் ஆண்கதிர் ஒன்றைப் பறித்து, காலையில் அதன்மேல் சுற்றிவரத் தடவுங்கள். இரண்டு மூன்று நாள் இதையே செய்யுங்கள். அயல்மரத்துக் கதிர் கிடைத்தால் இன்னும் நல்லது.

“பழம் மரத்திலயே வெடிக்குது”

காய்ந்து கிடந்து திடீரென்று மழையோ நிறையத் தண்ணீரோ கிடைத்தால் உள்சுளை வீங்கும், தோல் விரியாது. பங்குனி தொடக்கம் காய்மரத்துக்குக் கிழமைக்கு ஒரு தரம், 100 முதல் 150 லீற்றர், கொப்பு விளிம்பு வட்டத்தில் தவறாமல் விடுங்கள். தவறவிட்டால் அடுத்த தரம் இரட்டிப்பாக விட்டு ஈடுசெய்ய வேண்டாம்.

“பழுத்தும் இனிப்பில்லை”

முற்றாமல் இறக்கினது. முள் அகன்று தட்டையாகி, பச்சை மங்கி, தட்டினால் பொந்துச் சத்தம் கேட்டு, காம்புக்குப் பக்கத்து இலை மஞ்சளித்தால் இறக்கலாம். முற்றின காய் மூன்று நாளிலிருந்து பத்து நாளுக்குள் பழுக்கும். கயிறு கட்டி இறக்குங்கள். விழுந்த காயில் அடிபட்ட பக்கம் பழுக்கமுன் அழுகும். காம்பைக் கீழே பார்க்க வைத்துப் பால் வடியவிட்டுத்தான் வீட்டுக்குள் கொண்டுபோக வேண்டும். காம்பில் முளை அடித்தால் சீக்கிரம் பழுக்கும், ஆனால் அந்தத் துளையிலிருந்துதான் அழுகலும் தொடங்கும். அன்றன்றைக்குத் தின்பதற்கு மட்டும் அடியுங்கள். எல்லாம் சரியாக இருந்தும் சுளை வழுவழுவென்று கரைந்தால் உங்கள் மரம் கூழன். அதைக் கெட்டிச் சுளை வருக்கனாக்க மருந்தில்லை, கொட்டை போட்டு வளர்த்தால் எது வருமென்று காய்த்தால்தான் தெரியும், ஒட்டுக்கன்று வாங்குவதன் நியாயமும் அதுதான்.

“யானை வந்து முறிச்சுப் போட்டுது”

ஒட்டுசுட்டான், நெடுங்கேணி போலக் காட்டோரமான பக்கங்களில் பழுத்த வாசம்தான் அழைப்பு. வீட்டுக்குக் கிட்ட நிற்கும் மரத்தின் காயை மணக்கமுன், கறிக்காயாகவோ முற்றலாகவோ இறக்கிவிடுங்கள். இறக்கினதைக் குடிலுக்குள் குவித்து வைக்க வேண்டாம். சுவரையும் சேர்த்துத் தள்ளும். கழிவையும் அன்றே ஆழமாகத் தாழுங்கள். வேலிக்குக் கரண்ட் கம்பி இழுப்பது சட்டவிரோதம், வீட்டுக்காரரோ அயலவரோ அதில் சாகக்கூடும். முறிந்த கொப்பை முறிவுக்குக் கீழே சாய்வாக வாளால் அரிந்து பசை பூசினால், பாதி அடிமரம் நின்றாலும் தளிர்க்கும்.

நிலமட்டத்தில் பட்டை பல்லுப்பதிய அரிக்கப்பட்டிருந்தால் முள்ளம்பன்றி. இரண்டடி உயரத்துக்குத் தகரம் சுற்றுங்கள், மரம் பருக்க இடம் விட்டு. வட்டம் முழுவதும் பட்டை போயிருந்தால் காப்பாற்ற முடியாது.

மரம் செத்துவிட்டால்

காய்ந்த மரமானாலும் எடுத்தவுடன் தறிக்க வேண்டாம். 1951 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க மரம் வெட்டுதல் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் பிலாவும் அடக்கம். கிராம உத்தியோகத்தர் வழியாகப் பிரதேச செயலகத்தில் அனுமதி எடுத்துத்தான் தறிக்க வேண்டும். பலகைக்கு விற்பதானால் அடிமரத்தைச் சுற்றிவரப் பாருங்கள். 2009க்கு முன்பே நின்ற மரமென்றால் பட்டை முடிச்சிட்ட, உள்ளே கறுத்த இடங்களில் ஷெல் துண்டு இருக்கலாம். வாள் மில்லுக்கு ஏற்றமுன் சொல்லிவிடுங்கள், அலகு உடைந்தால் ஆளுக்கும் ஆபத்து.

வேர் அழுகிச் செத்த இடமானால் அதே கிடங்கில் அடுத்த கன்றை வைக்க வேண்டாம். அடிக்கட்டையையும் பெரிய வேர்களையும் கிளறி எடுத்து எரித்துவிட்டு, பத்தடியாவது மேட்டுப் பக்கம் தள்ளி, தண்ணீர்ச் சோதனை செய்து, ஐப்பசி முதல் மழையோடு வையுங்கள்.